மூலத்திலிருந்து மூலத்தைக் கழிப்பது எப்படி?



மஃரிபுத் தொழுகைக்குப் பின் வியாபாரம் சற்று ஓய்ந்திருக்கும் வேளையில், பள்ளிப் பிள்ளைகள் கல்லாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுவதை நம்மில் பலர் பார்த்திருக்கிறோம். அப்படி ஒரு கடையில் ஒரு பிள்ளை, "வாப்பா, இந்தக் கணக்கைக் கொஞ்சம் பாருங்கள்" என்று புத்தகத்தை நீட்டினான். கணக்கு இதுதான்: √50 − √18. வாப்பாவோ நாற்பது வருஷம் கல்லாவில் இருந்தவர். கூட்டல் கழித்தலில் அவரை ஏமாற்ற ஆளில்லை. "இதிலென்ன கஷ்டம்? ஐம்பதில் பதினெட்டுப் போனால் முப்பத்திரண்டு. மூலம் முப்பத்திரண்டு என்று எழுது" என்றார். பிள்ளையும் அப்படியே √32 என்று எழுதிக்கொண்டு போனான். மறுநாள் அந்த விடை சிவப்பு மையால் அடிக்கப்பட்டுத் திரும்பி வந்தது. அன்றிலிருந்து அவன் வாப்பாவிடம் கணக்குக் கேட்பதில்லை.

ஒரு கணக்குத் தவறிப் போவது பெரிய விஷயமல்ல. மகன் தகப்பனிடம் கேட்பதை நிறுத்திவிட்டானே, அதுதான் நஷ்டம். இந்தப் பாடம் மலேசியாவில் நான்காம் படிவத்துக் கூடுதல் கணிதத்திலும், சிங்கப்பூரில் உயர்நிலைப் பள்ளிக் கூடுதல் கணிதத்திலும் வருகிறது. ஆகவே நம் வீடுகளில் இது இன்னும் பல பிள்ளைகள் கொண்டுவந்து நீட்டப்போகிற கணக்கு. அதைத் தகப்பன்மார் கற்றுக்கொள்ள அரைமணி நேரம் போதும். ஏனெனில் இதற்கு வேண்டிய விதி வியாபாரிக்குப் புதியதல்ல. ஒரே இனத்துச் சரக்கைத்தான் ஒன்றிலிருந்து ஒன்று கழிக்கலாம் என்பதே அந்த விதி.

மூலம் என்பது என்ன?

7 அடி நீளமும் 7 அடி அகலமும் உள்ள சதுர அறையின் பரப்பு 49 சதுர அடி. பரப்பு 49 என்று முதலில் சொல்லி, பக்கம் எத்தனை அடி என்று கேட்டால், 7 என்கிறோம். இந்த 7 தான் 49-இன் வர்க்கமூலம். சதுரத்தின் பரப்பிலிருந்து பக்கத்தைக் காண்பதே மூலம் காண்பது என்று மனத்தில் வைத்துக்கொண்டால் போதும்.

சரி, பரப்பு 50 சதுர அடியானால் பக்கம் என்ன? 7 என்றால் 49 ஆகிறது, போதவில்லை. 7.1 என்றால் 50.41 ஆகிறது, மிஞ்சுகிறது. 7.07 என்றால் 49.9849, மறுபடியும் போதவில்லை. இப்படித் தசமப் புள்ளிக்குப் பின்னால் எத்தனை இலக்கம் எழுதினாலும் இந்த எண் முடிவுக்கு வராது. ஆகையால் கணிதம் அறிந்தோர் அதைப் பிரிக்காமல் √50 என்றே எழுதி வைக்கிறார்கள். முத்திரை போட்ட மூட்டையை அவிழ்க்காமல் சீட்டு மட்டும் ஒட்டி வைப்பது போன்றது இது. மூட்டைக்குள் இருக்கும் சரக்கு ஒரு துளியும் சிந்துவதில்லை.

வாப்பா எங்கே தவறினார்?

ஒரு முறை சரியா, தவறா என்று அறிய, விடை தெரிந்த கணக்கிலே அதைப் போட்டுப் பார்க்க வேண்டும். √25 − √9 என்பதை எடுத்துக்கொள்வோம். 25-இன் மூலம் 5. 9-இன் மூலம் 3. ஐந்தில் மூன்று போனால் 2. இதில் சந்தேகமில்லை. இப்போது வாப்பா செய்தது போல உள்ளே இருக்கும் எண்களைக் கழித்தால், 25 − 9 = 16; அதன் மூலம் 4. விடை 2 இருக்க வேண்டிய இடத்தில் 4 வந்துவிட்டது! ஆகவே மூலக் குறிக்குள்ளே புகுந்து கழிப்பது கூடாது.

அவர் கழித்தது இரு அறைகளின் பரப்பை. கேட்கப்பட்டதோ இரு அறைகளின் பக்கத்தை ஒப்பிட்டால் வரும் வித்தியாசம். இரண்டும் வெவ்வேறு கேள்விகள்.

ஒரே இனம்

நம் பாட்டன்மார் பின்னக் கணக்கை வாய்ப்பாடாகவே சொல்வார்கள். முக்காலில் அரைக்கால் போனால் எவ்வளவு என்று கேட்டால் அவர்கள் என்ன செய்வார்கள்? முக்கால் என்பது ஆறு அரைக்கால். ஆறு அரைக்காலில் ஒரு அரைக்கால் போனால் மிச்சம் ஐந்து அரைக்கால். முதலில் இரண்டையும் ஒரே இனமாக்கினார்கள். பிறகு எண்ணை மட்டும் கழித்தார்கள். இனத்தின் பெயரை விடாமல் வைத்துக்கொண்டார்கள். மூலக் கழித்தலும் இந்த மூன்றே படிகள்தான்.

√50-ஐயும் √18-ஐயும் ஒரே இனமாக்குவது எப்படி? 50 சதுர அடியுள்ள சதுர அறையில், ஒவ்வொன்றும் 2 சதுர அடி பரப்புள்ள சதுரக் கற்களைத் தரையில் பதிப்பதாக நினையுங்கள். 25 கற்கள் வேண்டும். வரிசைக்கு 5 கல், மொத்தம் 5 வரிசை. ஒரு கல்லின் பக்கம் √2 அடி. ஆகவே அறையின் பக்கம் ஐந்து கல் நீளம், அதாவது 5√2. அதே கற்களை 18 சதுர அடி அறையில் பதித்தால் 9 கற்கள், வரிசைக்கு 3, பக்கம் 3√2. ஐந்து கல் நீளத்தில் மூன்று கல் நீளம் போனால் மிச்சம் இரண்டு கல் நீளம். ஆகவே:

√50 − √18 = 5√2 − 3√2 = 2√2

வாப்பா சொன்ன √32-ஐயும் அதே கல்லால் அளந்து பாருங்கள். 16 கற்கள், பக்கம் 4 கல், அதாவது 4√2. உண்மையான விடையைப் போல் சரியாக இரு மடங்கு! இரண்டு கல் நீளத்துக்குச் சட்டம் வாங்க வேண்டியவர் நான்கு கல் நீளத்துக்குப் பணம் கட்டியதாக ஆகிறது.

சுருக்கும் வழி

மேலே கல் பதித்ததை எழுத்தில் செய்வதற்குப் பெயர்தான் சுருக்குதல். 4, 9, 16, 25, 36, 49, 64, 81, 100 ஆகியவை முழு வர்க்கங்கள். மூலக் குறிக்குள் இருக்கும் எண் இவற்றில் எதனாலாவது மீதியின்றி வகுபடுகிறதா என்று பார்க்க வேண்டும். வகுபட்டால் அந்த முழு வர்க்கத்தின் மூலம் வெளியே வந்துவிடும். வகுத்து வந்த ஈவு உள்ளேயே தங்கும். 

√75 = √(25 × 3) = 5√3
√12 = √(4 × 3) = 2√3
ஆகவே √75 − √12 = 5√3 − 2√3 = 3√3

வகுபடுகிறவற்றில் ஆகப் பெரிய வர்க்கத்தை எடுப்பது சுலபம். 72-ஐ 36-ஆல் வகுத்தால் ஒரே அடியில் 6√2 வந்துவிடும். சிறிய 4-ஆல் வகுத்தவருக்கு 2√18 வரும். அவர் 18-இல் இன்னும் ஒரு 9 இருப்பதைக் கண்டு மறுபடியும் சுருக்க வேண்டும். பாதி வழியில் நின்றுவிட்டால் இனம் ஒன்றாக இருப்பதே கண்ணுக்குத் தெரியாது.

வெளியே ஏற்கெனவே ஓர் எண் இருந்தால், வெளிவருகிற எண்ணை அதனோடு பெருக்க வேண்டும். 3√20 − √45 என்ற கணக்கில், √20 = 2√5; மூன்று முறை அது 6√5. √45 = 3√5. மிச்சம் 3√5.

பிள்ளைகள் வழக்கமாக இரண்டு இடங்களில் வழுக்குகிறார்கள். ஒன்று, 5√2 − 3√2 = 2 என்று எழுதி இனத்தைத் தொலைத்துவிடுவது. ஐந்து மூட்டையில் மூன்று மூட்டை போனால் மிச்சம் இரண்டு மூட்டை. வெறும் இரண்டு அல்ல. மற்றொன்று, 7√3 − √3 = 7 என்று எழுதுவது. முன்னால் எண் இல்லாத √3 என்பது ஒரு √3. ஆகவே விடை 6√3.

எல்லா மூலங்களும் ஒரே இனமாகிவிடுமா? ஆகாது. √27 − √8 என்பதைச் சுருக்கினால் 3√3 − 2√2 வரும். கையில் 500 ரிங்கிட்டும் கொடுக்க வேண்டியது 100 சிங்கப்பூர் வெள்ளியும் இருந்தால், மாற்று விலை தெரியாமல் கழிக்க முடியாது அன்றோ? பணத்துக்காவது மாற்று விலை உண்டு. √3-ஐ முழு எண்ணாலோ பின்னத்தாலோ பெருக்கி √2 ஆக்க ஒருபோதும் இயலாது. ஆகவே 3√3 − 2√2 என்று எழுதி, அங்கேயே நிறுத்துவதுதான் சரியான விடை. தெரிந்த இடத்தில் நிற்பதும் கணக்குத்தான்.

நம் முன்னோர் தந்த கல்வி

இந்தக் கணக்கை வெள்ளைக்காரர் தந்த பாடம் என்று நம்மில் சிலர் நினைக்கிறார்கள். அது சரியல்ல. கலீபா மஃமூன் அவர்கள் ஆண்ட காலத்தில் (813–833) பக்தாதில் வாழ்ந்த முஹம்மத் இப்னு மூஸா அல்குவாரிஸ்மீ அவர்கள் எழுதிய அல்ஜபர் நூலில் இத்தகைய கணக்குகள் இருக்கின்றன. வாரிசுப் பங்கு, மரண சாசனம், பாகப் பிரிவினை, வியாபாரம், நில அளவு ஆகிய அன்றாடக் காரியங்களுக்குப் பயன்படுவதற்காகவே அந்நூலை எழுதியதாக அவர் முன்னுரையில் தெரிவிக்கிறார். 1145-இல் அது லத்தீன் மொழிக்குப் பெயர்க்கப்பட்டது. அல்ஜபர் என்ற அரபுச் சொல்தான் ஐரோப்பாவில் அல்ஜீப்ரா ஆயிற்று.

அரபியில் மூலத்துக்கு ஜத்ர் என்று பெயர். வேர் என்பது பொருள். நாம் சொல்லும் மூலம் என்ற சொல்லுக்கும் வேர் என்றே பொருள். முழு எண்ணாக விடுபடாத மூலத்தை அரபுக் கணித அறிஞர்கள் செவிட்டு மூலம் என்றார்கள். லத்தீனில் அதே பொருளுள்ள சொல்லை இட்டுப் பெயர்த்தார்கள். பிள்ளைகளின் ஆங்கிலப் புத்தகத்தில் வரும் சர்ட் என்ற சொல் அதிலிருந்து வந்தது.

அல்குவாரிஸ்மீ அவர்கள் எடுத்துக்கொண்ட ஒரு கணக்கை இங்கே பார்ப்போம். அவர் காலத்தில் மூலக் குறியில்லை. அனைத்தையும் சொற்களாலேயே எழுதினார். நம் குறியில் அது இவ்வாறு அமையும்:

(20 − √200) − (√200 − 10)

இங்கே அடைப்புக்குறி ஒரு புதிய தொல்லை தருகிறது. ஆனால் தள்ளுபடி தெரிந்தவருக்குத் தொல்லையில்லை. கையில் 200 வெள்ளி. பில் 100 வெள்ளி. அதில் 10 வெள்ளி தள்ளுபடி. மிச்சம் எவ்வளவு? 200-இல் 100-ஐக் கழித்து, தள்ளுபடியான 10-ஐத் திரும்பக் கூட்டுகிறோம், 110. அடைப்புக்குள் கழிக்கப்பட்டிருப்பது வெளியே வரும்போது கூட்டப்படுகிறது. அதே போல:

20 − √200 − √200 + 10 = 30 − 2√200

√200-ஐச் சுருக்கினால் 10√2. ஆகவே விடை 30 − 20√2. இனி 30-இலிருந்து 20-ஐக் கழித்து 10√2 என்று எழுதிவிடக் கூடாது. 30 வெறும் எண். 20√2 மூல இனம்.

அவருக்குப் பின் மிஸ்ரு நாட்டில் தோன்றிய அபூ காமில் என்ற கணித அறிஞர் வேறொரு வழியும் கூறினார். இரு எண்களையும் கூட்டுங்கள். இரண்டையும் பெருக்கி, அதன் மூலத்தை இரு மடங்காக்கி, அந்தக் கூட்டுத்தொகையிலிருந்து கழியுங்கள். வருவதன் மூலமே விடை. நம் கணக்கில், 50 + 18 = 68. 50 × 18 = 900; அதன் மூலம் 30; இரு மடங்கு 60. 68 − 60 = 8. √8 என்பது 2√2. முன்பு கண்ட அதே விடை! பேரேட்டை இரண்டு வழியில் கூட்டிச் சரிபார்ப்பது போல, இதைச் சரிபார்க்கும் வழியாக வைத்துக்கொள்ளலாம்.

யந்திரம் இருக்க இது எதற்கு?

"பொத்தானை அழுத்தினால் விடை வருகிறதே, மூலத்தை ஏன் கட்டிக்கொண்டு அழ வேண்டும்?" என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்வி. பதிலை வியாபாரத்திலிருந்தே சொல்வோம்.

ஒரு மாத வரவு 30,000 வெள்ளி. செலவு 28,284 வெள்ளி. லாபம் 1,716 வெள்ளி. கணக்கப்பிள்ளை, செலவைச் சுமாராக 28,000 என்று எழுதினால் என்ன ஆகும்? செலவில் அவர் விட்டது நூற்றுக்கு ஒன்றுதான். ஆனால் லாபம் 2,000 என்று காட்டும். உள்ள லாபத்தில் ஏறக்குறைய ஆறில் ஒரு பங்கு இல்லாத பணம்! இரு பெரிய தொகைகள் நெருங்கி நிற்கும்போது, கழித்தலில் சின்னப் பிழை பெரிதாகிவிடுகிறது.

மேலே கண்ட 30 − 20√2 இதே கணக்குத்தான். √2-ஐ ஆரம்பத்திலேயே 1.4 என்று வெட்டிவிட்டால் விடை 2. 1.41 என்றால் 1.8. 1.414 என்றால் 1.72. உண்மை விடை 1.716-ஐ ஒட்டியது. ஆகவே மூலத்தைக் கடைசி வரை மூலமாகவே வைத்திருந்து, தேவையானால் கடைசியில் ஒரே ஒரு முறை தசமமாக்க வேண்டும். யந்திரம் வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. அது கடைசியில் வரட்டும் என்றுதான் சொல்கிறோம்.

நிலத்திலும் இதைப் பாருங்கள். இரண்டு கூட்டாளிகளுக்குச் சொந்தமான 100 அடிக்கு 100 அடி சதுர மனை. 10,000 சதுர அடி. பிரிந்துகொள்கிறார்கள். ஒருவர், தம் சரிபாதியை ஒரு மூலையில் சதுரமாகவே தரும்படி கேட்கிறார். பக்கத்தில் பாதி 50 அடி என்று அளந்துவிட்டால் அவருக்குக் கிடைப்பது 2,500 சதுர அடி. அது பாதியல்ல, கால்! அவருக்கு வேண்டியது 5,000 சதுர அடி. பக்கம் √5000 = √(2500 × 2) = 50√2 அடி. மற்றவருக்கு இரு பக்கத்திலும் மிஞ்சும் அகலம் 100 − 50√2. அதாவது ஏறக்குறைய 29.29 அடி. இங்கும் √2-ஐ 1.4 என்று வெட்டினால் பக்கம் 70 அடி, பரப்பு 4,900. ஒரு கூட்டாளிக்கு 100 சதுர அடி குறைந்துபோயிற்று. யாரும் வேண்டுமென்று திருடவில்லை. ஆனாலும் ஒருவர் பங்கு ஒருவரிடம் போய்விட்டது. திருக்குர்ஆனின் 83-ஆவது அத்தியாயம் அளவையிலும் நிறுவையிலும் மோசடி செய்வோரைக் கண்டித்து இறங்கியது என்பதை நாம் அறிவோம். மனம் சுத்தமாக இருந்தும் கணக்குத் தெரியாமையால் பிறர் பங்கு நம்மிடம் தங்கிவிடாமல் பார்த்துக்கொள்வதும் நம் பொறுப்பே.

பயிற்சி

பின்வரும் ஐந்தையும் பிள்ளைகளோடு உட்கார்ந்து போட்டுப் பாருங்கள்.

1. √80 − √45
2. √200 − √128
3. 2√27 − √75
4. √63 − √28
5. √20 − √12

விடைகள்: 1) √5. 2) 2√2. 3) √3. 4) √7. 5) 2√5 − 2√3, இதற்கு மேல் சுருங்காது.

ஐந்தாவதில் முன்னால் இருக்கும் எண்கள் இரண்டும் 2 என்பதைக் கண்டு, கழித்தால் ஒன்றுமில்லை என்று எழுதிவிடாதீர்கள். இனம் வேறு. இரண்டு மூட்டை அரிசியில் இரண்டு மூட்டைச் சீனியைக் கழிக்க முடியாது.

முடிவாக, முதலில் சொன்ன வாப்பாவுக்கும் அவரைப் போன்ற நம் அனைவருக்கும் ஒரு வார்த்தை. இன்று இரவு கடையை அடைத்ததும் மகனைக் கூப்பிடுங்கள். "தம்பி, அன்றைக்கு நான் சொன்ன கணக்குத் தவறு. வா, சரியாகப் போடுவோம்" என்று சொல்லுங்கள். தவறை ஒப்புக்கொள்வதால் தகப்பனின் மதிப்புக் குறைந்துவிடாது. கணக்கை நேராக்கிக்கொள்ளும் வழியைப் பிள்ளை அதிலிருந்தே கற்றுக்கொள்வான். அடுத்த கணக்கையும் உங்களிடமே கொண்டுவருவான், இன்ஷா அல்லாஹ்.

நம் மக்களுக்குப் பயனுள்ள கல்வியையும், நம் வியாபாரத்தில் நேர்மையான கணக்கையும் வல்ல இறைவன் தந்தருள்வானாக, ஆமீன். வஸ்ஸலாம்.